வாட்டமாக

புலவர் திருவம்பலம் மடத்துக்குள் நுழைந்தபோது வெயில் ஏறிவிட்டிருந்தது. கக்கத்தில், சொற்களுக்குப் பொருள் குறித்து வைக்கிற ஒரு நீள நோட்டு. சட்டைப் பையில் இரண்டு பேனா, ஒன்று நீலம், ஒன்று சிவப்பு. முப்பத்தோரு வருஷம் பள்ளிக்கூடத்தில் தமிழ் சொல்லிக் கொடுத்தவர். சிவப்புப் பேனாவை விட்டுவிட்டு வெளியே இறங்க அவருக்கு வராது.

வடிவம்மை கிணற்றடியில் உட்கார்ந்து அவரைக்காய்க்கு நார் உரித்துக்கொண்டிருந்தார்.

அம்மைக்கு வயது முப்பத்தைந்து இருக்கும். பத்து வருஷத்துக்கு முன்னால் இந்த மடத்துக்கு மதில் கட்டும்போது சித்தாளாக வந்து சாந்துச் சட்டி சுமந்தவர். அப்போதிருந்த பெரிய சாமி கண்ணை மூடுகிற அன்றைக்கு, சட்டியும் தலையுமாக நின்றவரைக் கைகாட்டி, "இனிமே அவ சொல்லுவா" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். புலவர் இரண்டு வருஷமாக அந்த அம்மையிடம்தான் வந்து உட்காருகிறார். ஊரில் சிரித்தார்கள். "வித்துவான் பட்டம் வாங்கினவரு சித்தாளுக்குச் சிஷ்யப்பிள்ளை" என்று அவருடைய மைத்துனரே சொன்னார். புலவர் அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

"வாங்க புலவரையா. என்ன, முகமே சரியில்ல."

"ஒரு சொல்லில் மாட்டிக்கொண்டேன் அம்மா."

"ஒரு சொல்லுதானா?"

"ஒன்றுதான்."

அது பொய் இல்லை. முழு உண்மையும் இல்லை. வீட்டில் அவர் மகள் அங்கயற்கண்ணி நாற்பத்தோரு நாளாகச் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருக்கிறாள். எட்டாம் மாசத்தில் பிள்ளை வயிற்றிலேயே தவறிப்போய்விட்டது. ஆஸ்பத்திரியிலிருந்து நேரே அப்பா வீட்டுக்கு வந்தவள் அழவில்லை. பேச்சும் நின்றுபோயிற்று. வைத்த சோற்றில் நாலு வாய், கேட்ட கேள்விக்கு ஒரு தலையாட்டல், அவ்வளவுதான். அவளைப் பெற்றவள் இருந்திருந்தால் ஏதாவது செய்திருப்பாள். அவளும் போய் ஆறு வருஷம் ஆகிறது.

புலவருக்குத் தெரிந்ததெல்லாம் சொற்கள். காலையும் மாலையும் நல்ல நல்ல பாட்டாக எடுத்து மகளுக்குச் சொல்லிப் பார்த்தார். அவள் கேட்டாள், அல்லது கேட்கவில்லை. இப்படியே போனால் இவளும் கையை விட்டுப் போய்விடுவாளோ என்று அவருக்குப் பயம். அதை யாரிடமும் கேட்க வாய் வரவில்லை. சொல்லுக்கு அர்த்தம் கேட்பது சுலபம்.

"என்ன சொல்லு அது?" என்றார் அம்மை.

"வாட்டமாக."

அம்மையின் கை ஒரு கணம் நின்றது. பிறகு அடுத்த காயை எடுத்தது.

"உங்களுக்குத் தெரியாததா?"

"தெரியும் என்றுதான் இருந்தேன். அதனால்தான் இப்போது வந்திருக்கிறேன்."

நடந்தது இதுதான். மடத்தைக் கட்டிய அந்தக் காலத்து மேஸ்திரி, எதை எப்படிப் போட வேண்டும் என்று ஒரு நோட்டில் எழுதி வைத்துவிட்டுப் போயிருந்தார். பக்கத்துக்குப் பத்துப் பிழை. போன தை மாசம் பாத்திரம் துலக்குகிற தளம் வெடித்துவிட்டது என்று பெயர்த்துப் புதிதாகப் போட ஆள் வந்தார்கள். நோட்டைப் படித்துக் காட்டுகிற வேலை புலவருக்கு வந்தது. அதில் ஒரு வரி: துலக்குத் தளம் வாட்டமாக இடுக.

புலவர் அந்த வரியில் நின்றார். முகம் வாட்டமாக இருக்கும். தண்ணீர் இல்லாத பயிர் வாட்டமாக இருக்கும். தளம் எப்படி வாட்டமாக இருக்கும்? அரைகுறையாக எழுதத் தெரிந்த மனுஷன், மேடு பள்ளம் இல்லாமல் 'மட்டமாக' என்பதைத்தான் இப்படி எழுதிவிட்டார் என்று முடிவு கட்டினார். சிவப்புப் பேனாவை எடுத்தார். 'வா'வை அடித்தார். மேலே 'ம' என்று போட்டார். ஒரே ஓர் எழுத்து.

தளம் கண்ணாடி மாதிரி மட்டமாக வந்தது. அன்றையிலிருந்து அதில் விழுந்த தண்ணீர் அதிலேயே நின்றது.

"முந்தாநாள் அந்தத் தளத்தில் பேச்சி வழுக்கி விழுந்துவிட்டாள் என்று கேள்விப்பட்டேன்" என்றார் புலவர். "வீட்டில் இருந்த அகராதியைப் புரட்டினேன். சோர்வு என்று இருக்கிறது. அதைத் தாண்டி அந்த மேஸ்திரி எதையோ சொல்லியிருக்கிறார். நான் திருத்தியது சரியா, தப்பா? அது தெரிய வேண்டும்."

அம்மை காய்ச் சுளகைக் கீழே வைத்தார்.

"அந்தச் செம்புல தண்ணி மோந்துட்டு வாங்க."

புலவர் மோந்துகொண்டு பின்னால் போனார். அம்மை அவரைத் துலக்குத் தளத்துக்குக் கூட்டிப்போய், நடுவில் ஊற்றச் சொன்னார். ஊற்றினார். ஏற்கெனவே நின்ற தண்ணீரோடு அதுவும் சேர்ந்து நின்றது. மேலே ஒரு சோற்றுப் பருக்கை மிதந்தது.

"என்ன செய்யுது?"

"ஒன்றும் செய்யவில்லை. நிற்கிறது."

"பாத்துக்கிட்டே இருங்க" என்று சொல்லிவிட்டு அம்மை அவரைக்காய்க்குப் போய்விட்டார்.

புலவர் பார்த்துக்கொண்டே நின்றார். தண்ணீருக்கு எந்தப் பக்கமும் போகத் தெரியவில்லை. ஓரத்தில் பச்சை பிடித்திருந்தது. உற்றுப் பார்த்தால் கொசுப்புழு நெளிந்தது.

முழங்காலில் துணி சுற்றிக்கொண்டு பேச்சி விளக்குமாற்றோடு வந்தாள். மடத்தில் பாத்திரம் துலக்குகிறவள். இடுப்பில் ஆறு மாசப் பிள்ளை. அவள் தினமும் செய்கிற மாதிரி தண்ணீரைத் தள்ளித் தள்ளிச் சாக்கடைக்கு ஓட்டினாள். அது பாதி போயிற்று, பாதி திரும்பி வந்தது.

"பேச்சி, வாட்டமாக என்றால் என்னம்மா?"

"யாரு அப்படிச் சொன்னா? நான் வாட்டமால்லாம் இல்ல ஐயா. காலுதான் வலிக்கி."

"உன்னைச் சொல்லவில்லை. அந்தச் சொல்லைக் கேட்கிறேன்."

"சொல்லையா?" அவளுக்குச் சிரிப்பு வந்தது. "நீங்க வாத்தியாரு, என்கிட்ட கேக்கீங்க."

இடுப்பிலிருந்த பிள்ளை முதுகை வளைத்து வீறிட்டது. பேச்சி விளக்குமாற்றை வைக்க இடம் தேடினாள். தளமெல்லாம் ஈரம்.

"செத்த நேரம் பிடிங்க ஐயா."

வேண்டாம் என்று சொல்வதற்குள் பிள்ளை அவர் கைக்கு வந்துவிட்டது. புலவர் இரண்டு கையையும் நீட்டி, கீழே போட்டுவிடக் கூடாதே என்று விறைத்துப் பிடித்தார். அது இன்னும் கத்தியது.

"பலகையத் தூக்குத மாதிரித் தூக்குதீங்களே. வாட்டமா பிடிங்க."

"எப்படி?"

"அதான், வாட்டமா. தலைப் பக்கம் ஏத்தி, தோள்ல சாச்சு. அவனுக்கு எப்படித் தோதுப்படுதோ அப்படி. உங்க தோதுக்குப் பிடிச்சா இருப்பானா?"

புலவர் ஒரு தோளைத் தாழ்த்தினார். பிள்ளை அங்கே தலையைத் தேடி வைத்தது. இரண்டு தரம் விக்கியது. பிறகு குடித்த பாலில் ஒரு வாய் அவர் சட்டைப் பையில் இறங்கியது. பேனா இரண்டும் நனைந்தன.

"இறங்கிருச்சு" என்றாள் பேச்சி. "அது உள்ள நின்னுக்கிட்டுத்தான் இந்தக் கத்து கத்துனான். சட்டையக் கழுவிக்கிடலாம் ஐயா."

பிள்ளை தூங்கிவிட்டது. அவள் கையை நீட்டினாள். புலவர் கொடுக்கவில்லை. அவள் என்னவோ யோசித்தாள். முகம் மாறிற்று. நீட்டிய கையை மடக்கிக்கொண்டு, "இருக்கட்டும், வச்சிருங்க" என்று சொல்லிவிட்டுப் பாத்திரத்துக்குக் குனிந்தாள்.

அதற்குள் கொத்தனார் சுடலைமுத்து கடப்பாரையோடு வந்துவிட்டார். அம்மை சொல்லி அனுப்பியிருந்தார்.

"மட்டமா போடச் சொன்னவுகளும் வந்திருக்காக போல இருக்கே" என்றார் கொத்தனார், தலைப்பாகையை அவிழ்த்துக்கொண்டே.

"கொத்தனாரே, நான் அன்றைக்கு…"

"நான் அன்னைக்கே கேட்டேன் ஐயா. 'மட்டமாவா?'ன்னு ரெண்டு தரம் கேட்டேன். 'ஆமாம், மட்டமாகத்தான்'னு அழுத்திச் சொன்னீங்க. படிச்சவுக சொல்லுதாக, நமக்குத் தெரியாத விஷயம் ஏதோ இருக்கும்னு ரசமட்டம் வச்சு இழைச்சேன். இப்படி ஒரு மட்டம் இந்த ஜில்லாவுலயே கிடையாது. பெயர்க்க மனசு வரமாட்டேங்கு."

பையிலிருந்து ரசமட்டத்தை எடுத்துத் தளத்தில் வைத்தார். கண்ணாடிக் குழாய்க்குள் குமிழி நட்டநடுவில் நின்றது.

"பாத்தீங்களா? அசையாது."

"எப்படி நிற்க வேண்டும்?"

கொத்தனார் ரசமட்டத்தின் ஒரு முனைக்கு அடியில் ஓர் ஓட்டுச் சில்லைச் செருகினார். குமிழி மெல்ல நகர்ந்து ஒதுங்கிற்று.

"இப்படி. ஒரு நெல்லு அளவு தள்ளி நிக்கணும். பத்தடிக்கு ஒரு விரல் இறக்கம், சாக்கடைப் பக்கமா. நாங்க அதைத்தான் வாட்டம்னு சொல்லுவோம். மாடிக்கும் உண்டு, குளியலறைக்கும் உண்டு. வாட்டம் விடாத கொத்தனைக் கூப்பிட்டுத் திட்டுவாக."

"பார்த்தால் சாய்ந்த மாதிரியே தெரியவில்லையே."

"கண்ணுக்குத் தெரியாது ஐயா. தண்ணிக்குத் தெரியும்."

கடப்பாரை இறங்கியது. முதல் அடியில் தளம் பிளக்கவில்லை. நாலாவது அடியில் பிளந்தது. சத்தத்துக்குப் பிள்ளை விழித்துக்கொண்டது. பேச்சி வந்து வாங்கிக்கொண்டு போனாள். கை காலியானதும் புலவருக்கு அதை எங்கே வைப்பது என்று தெரியவில்லை. நோட்டை எடுத்துக்கொண்டார்.

அம்மை கிணற்றடியிலேயே இருந்தார். காய் முடிந்து, நாரைக் கூட்டிக்கொண்டிருந்தார். புலவர் எதிரே உட்கார்ந்து, நீலப் பேனாவை வேட்டியில் துடைத்து எழுதினார். எழுதி முடித்து வாசித்தார்.

"வாட்டமாக. ஒன்று, சோர்ந்து. இரண்டு, தண்ணீர் ஓடுகிறாற்போலச் சரிந்து. மூன்று, பிடிக்கவும் சாயவும் தோதாக. நான் திருத்தியது தப்பு, அம்மா. அந்த மேஸ்திரி சரியாகத்தான் எழுதியிருக்கிறார்."

"ஓ."

"இன்னும் ஒன்றுதான் பாக்கி. இது மூன்று அர்த்தம் உள்ள ஒரே சொல்லா? இல்லை, ஒரே மாதிரி ஒலிக்கிற மூன்று சொல்லா? அதைப் பொறுத்துத்தான் ஒரே இடத்தில் எழுதுவதா, தனித்தனியாகவா என்று பார்க்க வேண்டும்."

அம்மை எழுந்தார். நாரைக் குப்பையில் தட்டிவிட்டு வந்தார்.

"வீட்டுல கயலு எப்படி இருக்கா?"

ஊரில் எல்லோரும் அவளைக் கயல் என்றுதான் கூப்பிடுவார்கள். அவளுடைய அம்மாவும் அப்படித்தான் கூப்பிட்டாள். புலவர் மட்டும் ஒருநாளும் பெயரைக் குறைத்ததில்லை.

"அங்கயற்கண்ணியா? அப்படியேதான் இருக்கிறாள். வாட்டமாக."

"எந்த வாட்டம்?"

புலவர் புரியாமல் பார்த்தார்.

"மூணு எழுதி வச்சிருக்கீங்கள்லா. எத்தனாவது?"

"முதலாவது. சோர்ந்து."

"தண்ணி வந்துச்சா?"

பின்னால் கடப்பாரைச் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது. புலவர் நோட்டை மூடினார். மறுபடி திறந்தார்.

"இல்லை" என்றார். "ஒரு சொட்டு இல்லை. ஆஸ்பத்திரியில், கட்டிலில் இருந்து இறங்கும்போது உதடு துடித்தது. 'அப்பா' என்று ஆரம்பித்தாள். நான் தாங்க மாட்டேன் என்று பயந்துபோய்… 'அழாதே, மனசை நிலையாக வை' என்றேன். ஒரு பாட்டுச் சொன்னேன். அவள் நிறுத்திக்கொண்டாள். நான் சொன்னால் கேட்கிற பிள்ளை. சின்னதிலிருந்தே அப்படித்தான்."

அம்மை சுளகை மடியில் வைத்துக்கொண்டு அவரைப் பார்த்தார்.

"அப்ப அது வாட்டம் இல்ல, புலவரையா. மட்டம்."

புலவர் நோட்டில் எழுதிய மூன்றையும் பார்த்தார்.

"அங்கயும் நீங்கதான் திருத்தியிருக்கீங்க."

புலவர் நோட்டை மூடினார். எழுந்து போகும்போது சொல்லிக்கொள்ளவில்லை. நோட்டு அவர் கையில் இருந்தது. சிவப்புப் பேனா கிணற்றுச் சுவர்மேல் கிடந்தது. அம்மை அதைப் பார்த்தார், கூப்பிடவில்லை.

வீட்டில் அவள் அதே இடத்தில் இருந்தாள். காலையில் வைத்த சோறு தட்டில் காய்ந்திருந்தது. சட்டையில் பால் வாடையோடு புலவர் போய் அவள் பக்கத்தில், அதே சுவரில் முதுகைச் சாய்த்து உட்கார்ந்தார். வழக்கம்போல ஒரு பாட்டு நாக்கு வரைக்கும் வந்தது. முதல் அடி, நல்ல அடி. அதை விழுங்கினார்.

"கயல்" என்றார்.

அவள் திரும்பினாள். அந்தப் பெயர் அந்த வீட்டில் கேட்டு ஆறு வருஷம் ஆயிற்று. அவர் முகத்தைப் பார்த்தாள், சட்டையைப் பார்த்தாள். மூக்கு விடைத்தது. கீழ் உதடு துடிக்க ஆரம்பித்தது.

புலவர் நோட்டைக் கீழே வைத்தார். அவள் இருந்த பக்கத்துத் தோளைக் கொஞ்சம் தாழ்த்தி வைத்துக்கொண்டார். ஒரு விரல் இறக்கம் இருக்கும். கண்ணுக்குத் தெரியாது.