துணிக்கு அந்தப் பக்கம்

தூத்துக்குடியில் ஒரு பழைய உப்புக் கிடங்கு. அதன் குறுக்கே மெல்லிய வெள்ளைத் துணியைக் கட்டி, தங்களுக்குள் பேச்சு நின்றுபோன இரண்டு பேரை ஆளுக்கொரு பக்கம் உட்கார வைப்பதுதான் ஓவியர் அமலியின் நிகழ்ச்சி. ஒருவர் காதோடு சொல்வதைத் தூதர் சொன்னவரின் குரலிலேயே மற்றவருக்குச் சொல்ல வேண்டும். கூட்டவும் கூடாது, குறைக்கவும் கூடாது.

அமலிக்கு முப்பது வயது. அவளுடைய சீடர் சவரிராயனுக்கு ஐம்பது. மிமிக்ரிக்காரர். தவளை முதல் தாசில்தார் வரை அத்தனை பேரும் அவர் தொண்டைக்குள் குடியிருந்தார்கள். இன்றுதான் முதல் முறையாகத் தூது அவர் பொறுப்பில்.

ஒரு பக்கம் ரெஜினா, பெட்டியோடு. இன்னும் கொஞ்ச நேரத்தில் ரயில், அப்புறம் மஸ்கட். மறுபக்கம் அவள் அண்ணன் தொம்மை. அப்பா சாவுக்கு அவள் வந்து சேராததிலிருந்து இருவருக்கும் பேச்சு இல்லை. வெளியே ஆட்டோக்காரன் ஹாரனை அமுக்கிக்கொண்டே இருந்தான்.

"கெளம்புதேன்னு சொல்லுங்க," என்றாள் ரெஜினா.

சவரிராயன் சொன்னார், அவள் மூக்குறிஞ்சலையும் சேர்த்து.

தொம்மை பல்லைக் கடித்துக்கொண்டு அவர் காதில் சொன்னான்: "போறவ போவட்டும்."

அதை அப்படியே சொல்ல சவரிராயனுக்கு மனம் வரவில்லை. இதைச் சொன்னால் கதை முடிந்தது. துணியின் ஓரத்தில் நின்றபடி, தொம்மையின் கரகரத்த குரலை அச்சு அசலாக எடுத்துவிட்டார்: "போவாத, தங்கமே!"

அவருக்கே புல்லரித்தது.

ரெஜினா எழுந்தாள். "எங்க அண்ணன் என்னைய ஏட்டின்னுதான் கூப்பிடுவான். என்னவே, நாடகமா போடுதீரு?"

"நான் எப்பவே அப்படிச் சொன்னேன்?" அந்தப் பக்கம் நாற்காலி விழுந்தது.

பெட்டிச் சக்கரம் கடகடவென்று வாசலைப் பார்த்து உருண்டது. சவரிராயன் தொம்மையிடம் ஓடினார். இருந்த ஒரு நூலையும் அறுத்தாயிற்று. தொம்மையின் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார். இப்போதாவது ஒரு வார்த்தை சொல்ல மாட்டானா?

மறுபக்கம், ரெஜினாவின் காலி நாற்காலி அருகே நின்றிருந்தாள் அமலி.

அவள் கரித்துண்டை எடுத்தாள். துணியில் லேசாகப் புடைத்திருந்த ஓரிடத்தில் பரபரவென்று தேய்த்தாள்.

கருமைக்குள்ளிருந்து ஓர் உள்ளங்கை எழும்பி வந்தது. விரல்களை விரித்து, அந்தப் பக்கமிருந்து அழுத்திய கை. சுண்டுவிரல் பாதிதான் இருந்தது. மீதியை என்றோ வலைக்கயிறு கொண்டுபோயிருந்தது.

"ரெஜினா, இங்க பாரும்மா," என்றாள் அமலி.

சக்கரச் சத்தம் நின்றது. ரெஜினா திரும்பி வந்தாள். அந்தக் கையின்மேல் தன் கையை வைத்தாள். துணி நடுங்கியது. யார் பக்கத்து நடுக்கம் என்று தெரியவில்லை.

"பெட்டிய நான் தூக்குதேன்," என்றது அந்தப் பக்கத்துக் குரல்.

பார்க்க வந்த கூட்டம் கலைந்தபின் சவரிராயன் மெல்லக் கேட்டார். "டீச்சர், நானும் நல்லதத்தானே நெனச்சேன்? அவரு வாயே தெறக்கலியே. அந்தக் கை உங்களுக்கு மட்டும் எப்படித் தெரிஞ்சுது?"

அமலி விரல் கரியைத் துடைத்தாள்.

"நான் துணிக்கு இந்தப் பக்கம் நின்னேன், அண்ணாச்சி. நீங்கதான் அவரு பக்கத்துல நின்னீங்க. வாயையே பாத்துக்கிட்டு."