டப்பாவில் சேராத துண்டு

ரீல் ஓடி முடிந்த பிறகும் உருளை சுற்றிக்கொண்டே இருக்கும். ரீலின் வால் நுனி எதிலோ மோதிப் 'படக், படக்' என்று அடிக்கும். கோமளா சிறுமியாக இருந்தபோது கும்பகோணத்தில் அவள் வீட்டுப் பின்சுவரை ஒட்டி ஒரு தியேட்டரின் ஆபரேட்டர் அறை இருந்தது. வீட்டுப்பாடம் எழுதிக்கொண்டே அந்த ஒலியைக் கேட்பாள். படம் சுபமாக முடிந்தாலும் அதே ஒலிதான். நடுவில் அறுந்துபோனாலும் அதே ஒலிதான். எது என்று தெரிய, பின்னாலேயே விசில் வருகிறதா என்று காத்திருக்க வேண்டும்.

வளர்ந்த பிறகு சென்னையில் ஒரு படக் காப்பகத்துக்குப் பொறுப்பாளர் ஆனாள். பழைய ரீல்களைக் குளிரறையில் வைத்துக் காப்பதும், ஓடக்கூடியவற்றை ஞாயிறுதோறும் சிறிய அரங்கில் பொதுமக்களுக்குத் திரையிடுவதும் அங்கே வேலை.

ஒருநாள் மாசிலாமணி என்ற பெரியவர் ஒரு தகர டப்பாவைக் கொண்டுவந்தார். திருவாரூரில் தியேட்டர் நடத்தி மூடியவர். ஒரு பழைய படத்தின் பிரதிகளையெல்லாம் சுருளில் பூசியிருக்கும் வெள்ளியைப் பிரித்தெடுக்கக் கரைத்துவிட்டார்கள். தப்பியது டப்பாவில் இருந்த அந்த ஒரு ரீல்தான். பெரியவர் ஒரு நிபந்தனை வைத்தார். நகல் எடுக்கும்வரை அதை யாருக்கும் ஓட்டிக் காட்டக்கூடாது. நகல் எடுக்க முடியாமல் போனால் டப்பாவில் உள்ளது அவருக்கே திரும்ப வேண்டும். கோமளா வாக்குக் கொடுத்தாள்.

ரீலைச் சோதித்தவர் காப்பகத்து ஆபரேட்டர் தேவசகாயம். நாகர்கோவில்காரர், முன்பு மாசிலாமணியின் தியேட்டரிலேயே வேலை பார்த்து, இந்தப் படத்தை ஓட்டியவர். படச்சுருள் சுருங்கி, ஓரத்துளைகள் கிழிந்திருந்தன. இன்னொரு முறை ஓட்டினால் பிழைக்காது என்றார். ஓரிடத்தில் அறுந்தே கிடந்தது. கிழிந்த முனையில் இரண்டு பிரேமை, அதாவது இரண்டு படக்கட்டங்களை, நறுக்கிவிட்டு மிச்சத்தை ஒட்டினார். தியேட்டர்களில் ஒரு வழக்கம் உண்டு: நறுக்கி விழும் துண்டு ஆபரேட்டருக்கு. முதலாளிகள் யாரும் அதைக் கேட்டதில்லை, மாசிலாமணியும் கேட்டதில்லை. காப்பகத்தின் விதி வேறு. இங்கே அந்தத் துண்டும் உறைக்குள் போய் அதே டப்பாவில் சேர வேண்டும். தேவசகாயம் கைப்பழக்கத்தில் அதைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டார்.

ரீல் கிடைத்த விவரத்தைச் செய்தித்தாளில் பார்த்துவிட்டுப் பார்வதம் என்ற பெண் வந்தாள். அறுபது வயதிருக்கும். அந்தப் படத்தில் வேலைக்காரியாக வந்து, "இலை போடட்டுமா?" என்ற ஒரே வசனத்தைப் பேசியவள் அவளுடைய தாய். பார்வதத்தைப் பெற்றபோதே இறந்துபோனவள். வீட்டில் ஒரு போட்டோகூட இல்லை. பார்வதத்துக்கோ கண் நரம்பு வாடிக்கொண்டிருந்தது. பொங்கல்வரை பார்வை தாங்கினால் அதிகம் என்று டாக்டர் சொல்லியிருந்தார்.

"ஒரே ஒரு தடவ போட்டுக் காட்டுங்கம்மா."

"நகல் எடுக்குற மெஷின் வந்துக்கிட்டே இருக்குங்க. வந்ததும் முதல்ல உங்களுக்குத்தான்."

"மெஷின் என் கண்ணக் கேட்டுக்கிட்டா வரும்?"

கோமளாவால் அவள் முகத்தைப் பார்க்க முடியவில்லை. ஆனாலும் மறுத்தாள். மேசைக்குப் பக்கத்தில் நின்ற தேவசகாயம் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தார். பார்வதம் எழுந்து போனபோது அவரும் பின்னாலேயே இறங்கிப் போனார்.

அன்றே கோமளா டப்பா மூடியைச் சுற்றி ஒட்டுநாடாவை இறுக்கி ஒட்டினாள். குளிரறையில் மழைத்தண்ணீர் கசிகிறது, அதனால்தான் என்று எல்லோரிடமும் சொன்னாள். அது பாதி உண்மை. மனம் இளகித் தானே திறந்துவிடுவோமோ என்ற பயம் மீதி. பழைய சுருளில் காடிபோல ஓர் அமிலம் ஊறும், அது மூச்சுவிட வேண்டும், அடைத்து வைத்தால் தன் காடியிலேயே தான் வெந்துபோகும் என்பது அவளுக்குத் தெரியாததல்ல. கொஞ்ச நாள்தானே என்று நினைத்தாள்.

மெஷின் சித்திரையில்தான் வந்தது. நாடாவைப் பிரித்தபோது காடி நெடி கண்ணை எரித்தது. ரீல் முழுவதும் வெல்லக்கட்டிபோல ஒன்றோடொன்று ஒட்டி இறுகிக் கிடந்தது. ஒரு பிரேமைக்கூடப் பிரிக்க முடியவில்லை. முடிந்த ஒலியோ அறுந்த ஒலியோ, இனி அதிலிருந்து எதுவும் வராது.

மாசிலாமணியையும் பார்வதத்தையும் வரவழைத்து நடந்ததைச் சொன்னாள். பார்வதத்துக்கு அப்போது ஒரு கண்ணில் மட்டும், அதுவும் மங்கலாகத்தான் தெரிந்தது. கோமளாவின் கையைத் தடவிப் பிடித்தாள்.

"அழாதீங்க. நான் எங்கம்மாவப் பார்த்துட்டேன்."

பையிலிருந்து மூக்குக்கண்ணாடிக் கூடு ஒன்றை எடுத்துத் திறந்தாள். உள்ளே துணியில் பொதிந்து இரண்டு பிரேம். இலை போடும் வேலைக்காரி இவள்தான் என்று சொல்லி, அன்று படிக்கட்டில் தேவசகாயம் கொடுத்தது. ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தார்கள். குனிந்திருந்து நிமிரப்போகும் ஒரு முகம். ஓரத்தில் நெளிநெளியாக ஒரு கோடு.

"அந்த நெளிதான் சத்தமாம். அதுல எங்கம்மா குரலும் இருக்கலாம்னு சொன்னாரு."

நகல்தான் எடுக்கவில்லையே, அப்படியானால் மிஞ்சியது தனக்குத்தானே வர வேண்டும் என்று மாசிலாமணி மெல்லக் கேட்டார். நறுக்கிய துண்டும் ரீலோடு சேர்ந்ததுதான், படத்தில் மிஞ்சியது இது ஒன்றுதான், ஆகவே காப்பகத்துக்கு என்று கோமளாவும் சொன்னாள். பார்வதம் கூட்டை நீட்டவும் இல்லை, மூடவும் இல்லை.

"குடுத்தவரக் கேளுங்க."

"எடுத்தது கைப்பழக்கம், மேடம்," என்றார் பக்கத்தில் நின்ற தேவசகாயம். "குடுத்தது தெரிஞ்சுதான் குடுத்தேன்."

கதையைக் கேட்டவர்களே, சொல்லுங்கள். நிபந்தனை வைத்தவர், விதியைச் சொல்பவள், ஒருமுறை பார்க்க மட்டும் கேட்டவள். அந்த இரண்டு பிரேம் யாருக்குச் சேர வேண்டும்?

விடை: பார்வதத்துக்கே. மாசிலாமணி கேட்டது டப்பாவில் உள்ளதை. நறுக்கிய துண்டு டப்பாவுக்குள் திரும்பப் போகவே இல்லை. நறுக்கி விழுவது ஆபரேட்டருக்கு என்பதும் அவர் தியேட்டரில் அவரே விட்டுவைத்த வழக்கம்; அந்த ஆபரேட்டரோ தெரிந்தே பார்வதத்துக்குக் கொடுத்துவிட்டார். காப்பகத்தின் விதிப்படி நடந்திருந்தால் துண்டும் அந்தக் கட்டியோடு வெந்திருக்கும். அப்படிப்பட்ட விதியைக் காட்டி, அதை மீறியதால் பிழைத்ததைக் கேட்க முடியாது. இதை முதலில் ஒப்புக்கொண்டவளும் கோமளாதான். காப்பகம் துண்டைப் படம்பிடித்துக்கொள்ளப் பார்வதம் சம்மதித்தாள். விதியை மீறியதற்காகத் தேவசகாயத்தை அந்த மாதமே வேலையிலிருந்து நீக்கினார்கள். உத்தரவில் கையெழுத்துப் போட்டவள் கோமளா.