மங்கலராயர் ஏறாத வண்டி

செம்பாறைக்கோட்டைக்கு ஏற மூச்சு வேண்டும். இறங்க நெஞ்சு வேண்டும். அப்படி ஒரு சரிவு. அதனால் அங்கே ஒரு வழக்கம். மாதம் பிறந்தால் வண்டிச்சாலை அதிகாரி ஒவ்வொரு வண்டிக்கும் ஓலை எழுதித் தரவேண்டும்: 'வண்டி நலம், மாடு நலம், ஓட்டுகிறவனுக்குக் கூலி பாக்கி இல்லை.' மூன்றுக்கும் சேர்த்து ஒரே முத்திரை. ஓலை இல்லாத வண்டிக்குக் கோட்டைக் கதவு திறக்காது.

அதிகாரி மங்கலராயர் வண்டிப் பக்கமே போகமாட்டார். மெத்தையில் சாய்ந்தபடி நாற்பது ஓலைக்கும் முத்திரை குத்திவிடுவார்.

ஒருநாள் நாற்பது வண்டிக்காரர்களும் கோட்டை வாசலில் மாட்டை அவிழ்த்துவிட்டு உட்கார்ந்துவிட்டார்கள். வழக்கு அரசர் குன்றவேளிடம் வந்தது.

"எட்டு மாசமா ஒரு காசு கண்ணுல பார்க்கலீங்க, சாமி!" என்றான் வண்டிக்காரன் காத்தமுத்து.

"புளுகுகிறான், அரசே! கொடுத்தாயிற்று. இதோ என் முத்திரை."

அரசர் பெருமூச்சு விட்டார். "முத்திரை ஓலையைப் பொய் என்பவன், அதை மெய்ப்பிக்காவிட்டால் மாட்டை இழப்பான். சட்டம் அப்படி. சாட்சி உண்டா, காத்தமுத்து?"

சாட்சி இல்லை. காத்தமுத்துவின் கண் கலங்கியது. அவனுக்கு இருந்ததே அந்த ஒரு ஜோடி மாடுதான்.

அமைச்சர் வெள்ளியம்பலத்துக்கு அதைப் பார்க்கப் பொறுக்கவில்லை. ஓலையை வாங்கினார். ஒருமுறை படித்தார், இன்னொரு முறையும் படித்தார். கூலி கொடுக்காததற்குச் சாட்சி இல்லை, சரி. ஆனால் 'வண்டி நலம்' என்பதற்குச் சாட்சி வாசலிலேயே நிற்கிறதே! அவர் முகம் மலர்ந்தது.

"அரசே, ஒரே முத்திரைக்கு அடியில் மூன்று வாக்கு. முதல் வாக்கு மெய்யானால் மூன்றாவதையும் நம்பிவிடலாம். ராயர் தம் வண்டிகளில் ஒன்றில் ஏறி மலையிறங்கட்டும். நாற்பதில் எது வேண்டுமானாலும் அவர் விருப்பம்."

"நல்ல யோசனை. ஏறும், ராயரே!"

மங்கலராயர் வாசலுக்கு வந்தார். முதல் வண்டியைத் தொட்டார், சக்கரம் ஆடியது. இரண்டாவதில் கடையாணிக்குப் பதில் விறகுக் குச்சி. மூன்றாவதன் அச்சைக் கயிற்றால் கட்டியிருந்தார்கள். வரிசையின் கடைசிவரை போய், வியர்க்க விறுவிறுக்கத் திரும்பி வந்தார்.

"என்னுதுல ஏறுங்க எசமான், மெதுவா ஓட்டுறேன்," என்றான் காத்தமுத்து. "இந்தச் சரிவுல மெதுவா போறது மட்டும் என் கையில இல்ல."

ராயர் தடாலென்று அரசர் காலில் விழுந்தார். "கூலி என் வீட்டில்தான் இருக்கிறது, அரசே! எட்டு மாதத்துக்கும் கொடுத்துவிடுகிறேன். வண்டிகளையும் என் செலவில் செப்பனிடுகிறேன்!"

அரசர் வயிறு குலுங்கச் சிரித்தார். அமைச்சர் மட்டும் சிரிக்கவில்லை.

"உங்கள் வீடு அடிவாரத்தில் அல்லவா, ராயரே? நாற்பது பேருக்கு எட்டு மாதக் கூலி. அத்தனையும் செப்புக்காசு. மூட்டை கனக்குமே. ஏற்றி வர ஒரு வண்டி அனுப்பட்டுமா?"

"ஐயையோ, வேண்டாம்!" என்று அலறினார் மங்கலராயர். "நடந்தே போய்த் தலையில் சுமந்து வருகிறேன்!"