சரம் எட்டாத கிளை

கல்யாணப் பந்தலுக்கும் கோவில் திருவிழாவுக்கும் மின்விளக்குத் தோரணம் கட்டியே தலை நரைத்தவர் வேதரத்தினம். தொழிலை மகனிடம் விட்டுவிட்டு மடத்தில் வந்து சேர்ந்தார். அவருடைய குரு திலகவதி அம்மை, வயதில் அவருக்கு இளையவர்.

சந்நிதி விளக்கு வேதரத்தினத்தின் பொறுப்பு. முற்றத்து இலுப்பை மரத்தின் கொட்டையை ஆட்டி எடுத்த எண்ணெயைத்தான் அதில் ஊற்றலாம். வேறு எண்ணெய் கூடாது. விளக்கு அணைந்தால் பொறுப்பு அடுத்தவர் கைக்குப் போகும். மடத்தின் வழக்கம் அது. அவரோ அந்த விளக்கை உயிராக நினைத்தார்.

பங்குனியில் மரம் பூத்தது. பழகிய கை சும்மா இருக்குமா? மகனிடம் சொல்லிச் சீரியல் விளக்குச் சரங்களை வரவழைத்து, கிளை கிளையாகச் சுற்றினார். அந்தி சாய்ந்ததும் மரம் பச்சையும் நீலமுமாக ஜொலித்தது. ஊரே வந்து படம் எடுத்துக்கொண்டது.

"எப்படி இருக்கும்மா?"

"கண்ணைப் பறிக்குது."

"இன்னொன்னு பாத்தீங்களா? பூவுல வந்து மொய்க்கிற வௌவால் தொல்லையும் ஒழிஞ்சுது. முற்றத்துல ஒரு எச்சம் கிடையாது."

"பாத்தேன்," என்றார் அம்மை.

ஆனியில் கொட்டை பொறுக்கும் காலம் வந்தது. அம்மை பெரிய கூடையாக ஒன்றைக் கொடுத்தார்.

"உங்க விளக்குக்கு நீங்களே பொறுக்குங்க."

வேதரத்தினம் மரத்தடியைச் சுற்றிச் சுற்றி வந்தார். திரும்பியபோது கூடையில் ஒரு கைப்பிடிக் கொட்டைதான் இருந்தது.

"மரத்துக்கு வயசாயிடுச்சும்மா. காய்க்கவே இல்ல."

"இது எங்கே கிடைச்சுது?"

"சமையற்கட்டுக்குப் பின்னால நீட்டிக்கிட்டிருக்கே, அந்த ஒரு கிளைக்கு அடியில."

"அதுல விளக்கு கட்டலையா?"

"சரம் எட்டல."

சொன்ன பிறகுதான் அது அவர் காதிலேயே விழுந்தது. அந்த இருட்டுக் கிளையில் சிறகடிக்கும் சத்தத்தைப் பங்குனி முழுக்கக் கேட்டிருக்கிறார்.

"வௌவால்..." என்றார்.

"அது பூவுக்குப் பூ போனாத்தான் காய்."

வேதரத்தினம் கூடையைக் கீழே வைத்தார். "இது ஒரு நாளைக்குக்கூடக் காணாதும்மா. விளக்கு அணைஞ்சுடும். பொறுப்பும் என் கையை விட்டுப் போயிடும்."

"போகும்."

"பங்குனியிலேயே ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே? அன்னைக்கே எல்லாத்தையும் அவுத்திருப்பேனே!"

"அவுத்திருப்பீங்க," என்றார் அம்மை. "எனக்காக."