எல்லாவற்றிலும் சாகிறவர்

“இந்தத் தடவையாவது நான் உயிரோட இருக்கணும், டீச்சர்.”

எட்வின் தவமணி உள்ளே வந்ததும் சொன்னது இதுதான். கோட்டைக்கூடக் கழற்றவில்லை.

பியூலா டீச்சர் ஆரஞ்சு உரித்துக்கொண்டிருந்தார்.

“உட்காருங்க அண்ணே.”

“உட்கார நேரமில்ல. சாயங்காலத்துக்குள்ள பதில் சொல்லணும்.”

எட்வின் நடிகர். லண்டன்காரர். அப்பா நாகர்கோவிலிலிருந்து போய் அங்கே தங்கிவிட்டவர். எட்வின் பிறந்ததே அங்கேதான். நடிப்புப் பள்ளியில் முறையாகப் படித்து, முப்பது வருஷமாக நடிக்கிறார். நாடகம், டிவி, சினிமா, எல்லாம் உண்டு.

எல்லாவற்றிலும் செத்துவிடுவார்.

சும்மா சொல்லவில்லை. முதல் நாடகத்தில் ராஜாவுக்குச் சேதி கொண்டுபோவார். சேதி பிடிக்காமல் ராஜா குத்திவிடுவார். போர்ப் படத்தில் படகிலிருந்து இறங்கும்போதே குண்டு பாயும். துப்பறியும் தொடர் என்றால் கேட்கவே வேண்டாம், ஆரம்பத்திலேயே பிணம். ஒருமுறை ஆஸ்பத்திரித் தொடரில் டாக்டர் வேஷம் கிடைத்தது. டாக்டர்தானே, பிழைத்துக்கொள்வோம் என்று நம்பிப் போனார். அந்த டாக்டருக்கே மாரடைப்பு.

லெஸ்டரில் இருக்கிற அவருடைய அத்தை, டிவியில் அவர் வருகிற நாளில் போன் பண்ணுவார்.

“எத்தனை மணிக்குப்பா சாவே? அடுப்பை அணைச்சிட்டு வந்து உட்காரணும்.”

பஸ்ஸில் ஒரு வெள்ளைக்காரப் பெண் அவரையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, “போன வாரம் உங்களைத்தானே குளத்திலிருந்து தூக்கினாங்க?” என்று கேட்டாள். ஆமாம் என்றார். பாவம் என்று எழுந்து இடம் கொடுத்தாள்.

நமக்குச் சிரிப்பு வரும். அவருக்கு வரவில்லை. வருஷக்கணக்காகக் கண்ணை மூடிப் படுத்துக்கொண்டு, மற்றவர்கள் நடிப்பதைக் காதால் மட்டும் கேட்டுக்கொண்டிருந்தால் யாருக்குத்தான் கடுப்பு வராது?

பியூலா டீச்சர் அவரைவிடப் பத்து வயது சின்னவர். ஒரு காலத்தில் மேடையில் பெரிய பெயர். இப்போது ஈஸ்ட் ஹாமில் ஒரு சலவைக் கடைக்கு மேலே சின்ன அறை வைத்துக்கொண்டு நடிகர்களுக்குச் சொல்லித் தருகிறார். சொல்லித் தருகிறார் என்று பேர். பெரும்பாலும் எதுவும் சொல்ல மாட்டார்.

“என்ன பதில் சொல்லணும்?” என்று கேட்டார் டீச்சர்.

எட்வின் சொன்னார். சொன்னதில் புலம்பல் பாதி. மீதி இது.

புது நாடகம். அண்ணன், தம்பி, ரெண்டே பேர். முதல் காட்சி முடிவதற்குள் அண்ணன் செத்துவிடுவான். அதற்கப்புறம் கடைசிவரை தம்பி அந்த உடம்புக்குப் பக்கத்தில் உட்கார்ந்து பேசுவான், அழுவான். அவ்வளவுதான் நாடகமே.

எட்வின் கேட்டது தம்பி வேஷம். கிடைத்தது அண்ணன்.

தம்பியாக நடிக்கிறவர் க்ரெய்க். எட்வினோடு நடிப்புப் பள்ளியில் ஒரே அறையில் இருந்தவர்.

“அவனுக்கு அழுகையே வரல டீச்சர். ஒத்திகை ஆரம்பிச்சதுலேருந்து பார்க்கறேன். கட்டை மாதிரி உட்கார்ந்திருக்கான். நேத்து டைரக்டரம்மா எல்லார் முன்னாடியும் கத்திட்டாங்க. பாத்ரூமுக்குள்ள போய்க் கதவைச் சாத்திக்கிட்டான்.”

“அப்புறம்?”

“அப்புறம் அந்தம்மா என்னைத் தனியா கூப்பிட்டாங்க. ‘நீ தம்பியா பண்றியா? க்ரெய்க் பிணமா படுத்துக்கட்டும். நாளைக்குச் சாயங்காலம் சொல்லு’ன்னாங்க.”

“சரின்னு சொல்லிட வேண்டியதுதானே?”

“சொல்லத்தான் போறேன். அதுக்கு முன்னாடி நீங்க ஒரு தடவை பாருங்க. எனக்கு அழுகை வருதான்னு தெரியணும்.”

டீச்சர் ஒரு சுளையை வாயில் போட்டுக்கொண்டார்.

“க்ரெய்க் என்ன சொல்றார்?”

“நான் கேக்கல.”

“சிநேகிதர்தானே?”

“சிநேகிதன்தான். அவனை யாரும் எந்தப் படத்துலயும் குளத்துல போடல டீச்சர். அவன் கல்யாணம் பண்ணியிருக்கான். விவாகரத்து பண்ணியிருக்கான். ஒரு படத்துல ஊர் மேயராவே இருந்தான். எனக்கு ஒரே ஒரு தடவை அழக் கிடைச்சா என்ன?”

குரல் கடைசியில் கொஞ்சம் உடைந்தது. அது நடிப்பில்லை.

டீச்சர் எழுந்தார். கையை ஜீன்ஸில் துடைத்தார். அறை நடுவில் தரையில் மல்லாந்து படுத்தார்.

“என்ன பண்றீங்க?”

“செத்துட்டேன். அழுங்க.”

எட்வின் கோட்டைக் கழற்றினார். பக்கத்தில் மண்டி போட்டார். தொண்டையைச் செருமிக்கொண்டார்.

அந்தக் காட்சியில் தம்பி முதலில் அழ மாட்டான். அண்ணனுடைய காலைப் பார்ப்பான். அப்போதுதான் தெரியும், அண்ணன் தன்னுடைய சாக்ஸைப் போட்டுக்கொண்டிருப்பது.

எட்வின் ஆரம்பித்தார்.

“டேய் அண்ணா. அது என் சாக்ஸ்.”

டீச்சருடைய இமை லேசாகத் துடித்தது.

எட்வின் பார்க்காத மாதிரி தொடர்ந்தார். “கேக்காம எடுத்துட்டியா? எப்பவும் இப்படித்தான்...”

டீச்சர் எச்சில் விழுங்கினார். தொண்டை ஏறி இறங்கியது.

“...கழட்டு. எழுந்து கழட்டித் தா.”

டீச்சரின் உதட்டோரம் கொஞ்சம் கோணியது. இதைவிட நான் நல்லாச் சொல்லியிருப்பேன் என்கிற மாதிரி. பிறகு மெதுவாக ஒரு பெருமூச்சு.

எட்வின் நிறுத்திவிட்டார்.

“டீச்சர்!”

“ம்.”

“பிணத்துக்கு என்ன அபிப்பிராயம் வேண்டிக்கிடக்கு?”

டீச்சர் கண்ணைத் திறக்கவில்லை. “அழுகை வரலையா?”

“எப்படி வரும்? நான் சொல்ற ஒவ்வொரு வரிக்கும் நீங்க மார்க் போட்டுக்கிட்டிருக்கீங்க. அண்ணன் செத்துட்டான்னு எனக்குத் தோண வேண்டாமா? பரீட்சை எழுதற மாதிரி இருக்கு.”

“ஓ.”

“ஒழுங்கா சாகுங்க, ப்ளீஸ். இப்படி ஒரு பிணத்தை நான் எங்கயும் பார்த்ததில்ல.”

“நான் பார்த்தேன்.”

“எங்க?”

“முந்தாநாள். உங்க ஒத்திகைக்கு வந்திருந்தேன். கடைசி வரிசையில உட்கார்ந்திருந்தேன்.”

கீழே சலவை மெஷின் கடகடவென்று சுற்றி நின்றது.

எட்வின் மண்டி போட்டபடியே இருந்தார்.

“நான் பெருமூச்சு விட்டேனா?”

“க்ரெய்க் சாக்ஸ்னு சொன்னப்போ.”

“பெரிசாவா?”

“சின்னதுதான். கூட ஒரு உதட்டுக் கோணல்.”

“கடைசி வரிசைக்கே தெரிஞ்சுதா?”

டீச்சர் தலையைத் திருப்பி, தன் முகத்துக்கு மேலே குனிந்திருந்த அவர் முகத்தைப் பார்த்தார். எவ்வளவு கிட்டத்தில் இருக்கிறது என்று அளக்கிற மாதிரி பார்த்தார்.

எட்வினுக்குக் கோபம் வந்துவிட்டது.

“அப்ப எனக்குச் சாகத் தெரியாதுன்றீங்களா? முப்பது வருஷமா வேற என்ன பண்ணிக்கிட்டிருக்கேன்? குத்து வாங்கிச் செத்திருக்கேன், விஷம் குடிச்சுச் செத்திருக்கேன். ஒரு படத்துல குதிரையே மேல விழுந்துச்சு. ஒருத்தரும் குறை சொன்னதில்ல!”

“சரி. மறுபடியும் ஆரம்பிங்க.”

டீச்சர் தலையை நேராக வைத்துக்கொண்டார். கண்ணை மூடினார்.

எட்வின் முணுமுணுத்துக்கொண்டே காலடிக்கு நகர்ந்தார். மனசில்லாமல்தான் ஆரம்பித்தார். அழவெல்லாம் போவதில்லை, வரியைச் சொல்லிவிட்டுக் கிளம்பலாம் என்று நினைத்தார்.

“டேய் அண்ணா. அது என் சாக்ஸ்.”

ஒன்றும் நடக்கவில்லை.

இமை துடிக்கும் என்று பார்த்தார். துடிக்கவில்லை.

“கேக்காம எடுத்துட்டியா? எப்பவும் இப்படித்தான்...”

தொண்டை அசையவில்லை. தாடை கொஞ்சம் தளர்ந்து கிடந்தது. அது தூங்குகிற முகம் இல்லை. கோபமோ சாந்தமோ எதுவும் இல்லை. அதற்குள்ளே கேட்பதற்கு ஆளே இல்லை. பூட்டின வீட்டு வாசலில் நின்று கூப்பிடுகிற மாதிரி இருந்தது.

எட்வின் கொஞ்சம் சத்தமாகச் சொன்னார்.

“கழட்டு. எழுந்து கழட்டித் தா.”

கையைப் பிடித்துத் தூக்கினார். கை கனத்தது. விட்டார். அது பாட்டுக்குத் தரையில் விழுந்தது. விழுந்த இடத்தில் விரல் மடங்கிக் கிடந்தது.

“சரி வேண்டாம். நீயே வெச்சுக்கோ. வெச்சுக்கோடா...”

நாடகத்தில் அப்படி ஒரு வரியே கிடையாது.

எட்வின் அழுதார். சினிமாவில் ஒரு சொட்டு கன்னத்தில் அழகாக இறங்குமே, அது இல்லை. மூக்கு ஒழுகி, வாய் கோணி, பார்க்கச் சகிக்காத அழுகை. நடுவில் அவருக்கே பயம் வந்துவிட்டது. தோளைப் பிடித்து உலுக்கினார்.

“பியூலா! ஏய் பியூலா! எழுந்திரும்மா!”

டீச்சர் கண்ணைத் திறந்தார். எழுந்து உட்கார்ந்து டிஷ்யூப் பெட்டியை அவர் பக்கம் தள்ளினார்.

எட்வின் ரொம்ப நேரம் மூக்கைச் சிந்தினார்.

“எப்ப மூச்சு விட்டீங்க?”

“நீங்க மூக்கை உறிஞ்சினப்போ.”

அவர் சிரித்தார். சிரிக்கும்போதும் கண்ணில் தண்ணீர் வந்துகொண்டிருந்தது.

“நல்லா அழறீங்க அண்ணே” என்றார் டீச்சர். “டைரக்டரம்மாகிட்ட தாராளமா சொல்லலாம். தம்பி வேஷத்துக்கு வேற ஆள் தேட வேண்டாம்.”

எட்வின் போனை எடுத்தார். திரையில் இருந்த பெயர்களை மேலும் கீழும் தள்ளினார். டைரக்டர் பெயர் வந்தது. அதைத் தாண்டிப் போனார். ஒரு பெயரில் நின்று அழுத்தினார்.

நிறைய நேரம் மணி அடித்தது.

“யாரு?” என்றது ஒரு களைத்த குரல்.

“எட்வின்தான் பேசறேன், க்ரெய்க். எங்க இருக்கே?”

“வீட்ல. படுத்திருக்கேன்” என்றார் க்ரெய்க். “எனக்குத் தெரியும் எட்வின். டைரக்டர் சொல்லிட்டாங்க. நீ எடுத்துக்கோ. நிஜமாத்தான் சொல்றேன், எனக்கு வருத்தம் இல்ல. இந்த வயசுல போய் அழத் தெரியலன்னா, எனக்கு என்னவோ உள்ளயே வத்திப்போச்சு போல.”

எட்வின் டீச்சரைப் பார்த்தார். டீச்சர் ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“கிளம்பி ஒத்திகை ஹாலுக்கு வா. எல்லாரும் வர்றதுக்கு முன்னாடி ஒரு தடவை பண்ணிப் பார்த்துடலாம்.”

“எதுக்குப்பா? மறுபடியும் உன் பக்கத்துல உட்கார்ந்து முழிக்கவா? அதான் வரலைன்றேனே.”

“வா க்ரெய்க்” என்றார் எட்வின். “இன்னிக்கு நான் செத்திருப்பேன்.”