மூன்றுக்கு இரண்டு

ஒரு காட்டில் புள்ளிமான் கூட்டம் ஒன்று இருந்தது. காலையில் சில மான்கள் ஓடைக்கரையில் மேயும். மாலையில் சில மான்கள் மேட்டில் மேயும்.

ஒரே வாரத்தில் சிறுத்தை இரண்டு குட்டிகளை அடித்துவிட்டது. ஒன்று ஓடைக்கரையில், இன்னொன்று மேட்டில். மீதி முப்பது மான்களும் நடுங்கிப்போயின.

அப்போது ஒரு கழுதைப்புலி வந்தது.

"உங்களுக்குள்ளேயே உளவாளிகள் இருக்கிறார்கள்! இரண்டு இடத்துக்கும் போகிறவர்கள்தான் சிறுத்தைக்குத் தகவல் சொல்கிறார்கள்!"

"உனக்கு எப்படித் தெரியும்?" என்று மான்கள் கேட்டன.

"ஓடைக்கரைக்குப் போகிறவர்களும் மேட்டுக்குப் போகிறவர்களும் மூன்றுக்கு இரண்டு என்ற விகிதம். இருபத்து நாலும் பதினாறும்! கூட்டினால் நாற்பது. நீங்களோ முப்பது பேர். அப்படியானால் பத்துப் பேர் உளவாளிகள்!"

மான்கள் ஒன்றையொன்று ஓரக்கண்ணால் பார்த்தன. தாய்மான்கள் குட்டிகளை இழுத்து அணைத்துக்கொண்டன.

எள்ளி என்ற பெண்மானுக்குக் கழுதைப்புலியின் மேலேயே சந்தேகம்.

"பதினெட்டும் பன்னிரண்டும்கூட மூன்றுக்கு இரண்டுதானே? நீ எண்ணிப் பார்த்தாயா?"

"விகிதம் போதாதா?"

"போதாது!" என்றது எள்ளி.

மறுநாள் எள்ளியே எண்ணியது. காலையில் ஓடைக்கரையில் பதினெட்டு. மாலையில் மேட்டில் பன்னிரண்டு.

"கூட்டினால் முப்பது! யாரும் இரண்டு இடத்துக்கும் போகவில்லை!" என்று மான்கள் துள்ளின.

"பொறுங்கள். எந்த இடத்துக்கும் போகாதவர் யாராவது உண்டா?"

மருதமரத்தடியில் படுத்திருந்த கலைமான் தும்பன் தலைதூக்கியது. அதற்குக் கால் ஒடிந்திருந்தது.

"நான் எங்கே போவது?"

அப்படியானால் மேயப் போனவை இருபத்தொன்பதுதான். ஒரே ஒரு மான் இரண்டு இடத்துக்கும் போயிருக்கிறது! மறுபடியும் எல்லாக் கண்களும் சுழன்றன.

தும்பனின் தங்கை நுணா முன்னால் வந்தது.

"நான்தான், எள்ளியக்கா. காலையில் ஓடைக்கரையில் நான் வயிறு நிறைய மேய்ந்துவிடுவேன். மாலையில் மேட்டிலிருந்து அண்ணனுக்கு ஒரு வாய் புல் கொண்டுவருவேன்."

"ஆமாம். நான் உயிரோடு இருப்பதே அவளால்தான்" என்றது தும்பன்.

"மாட்டிக்கொண்டாள்! இப்போதே விரட்டுங்கள்! தனியாக விரட்டுங்கள்!" என்று கத்தியது கழுதைப்புலி.

"பத்து ஒன்றாகிவிட்டதே, அதைப் பற்றி நீ வாயே திறக்கவில்லையே! ஏன் இப்போதே? ஏன் தனியாக?" என்று கேட்டது எள்ளி.

கழுதைப்புலியின் வாயிலிருந்து எச்சில் ஒழுகியது. தனியாகப் போகும் மானைத் தின்னத்தான் அது வந்திருக்கிறது என்று மான்களுக்கு விளங்கிவிட்டது. கலைமான்கள் கொம்பைத் தாழ்த்திக்கொண்டு பாய்ந்தன. கழுதைப்புலி புதருக்குள் விழுந்தடித்து ஓடியது.

நுணா தன்னைச் சந்தேகித்த முகங்களையே பார்த்துக்கொண்டு நின்றது. எள்ளி அதன் கழுத்தை நக்கிக்கொடுத்தது.

போதுமான விவரம் கைக்கு வரும்வரை யாரையும் குற்றவாளி என்று சொல்லக் கூடாது; அதற்குள் தீர்ப்புச் சொல்ல அவசரப்படுத்துகிறவரை நம்பவும் கூடாது.