மூழ்க மறுத்த வட்டில்

இது ரொம்பக் காலத்துக்கு முந்திய சங்கதி. அப்போது கருங்குன்ற நாட்டைக் கீர்த்திவளவன் என்று ஒரு ராஜா ஆண்டுவந்தார். மனசு நல்ல மனசுதான். ஆனால் எடுப்பார் கைப்பிள்ளை. ஒருநாள் கண்ணாடி பார்த்தவர் மீசையில் ஒரு நரையைக் கண்டுவிட்டார். அவ்வளவுதான், அரண்மனையே இழவு வீடாகிவிட்டது.

அந்தச் சபையில் நஞ்சுண்டராயர் என்று ஒரு பிரதானி இருந்தார். ராஜா வேறு யாரையாவது பாராட்டிவிட்டால் அன்றைக்கு ராயருக்குச் சோறு இறங்காது. ராஜாவின் கவலை அவருக்குக் கொண்டாட்டமாகிவிட்டது.

"மகாராஜா, காலம் ஓடுவதால்தானே வயது கூடுகிறது? அந்த ஓட்டத்தையே குறைத்துக் காட்டுகிறேன், பாருங்கள்!"

அந்த நாட்டில் பொழுதை அளக்க ஒரு செப்பு வட்டில் இருந்தது. அதன் அடியில் ஊசிமுனை அளவு துளை. தொட்டித் தண்ணீரில் மிதக்கவிட்டால் துளை வழியே நீர் ஏறி வட்டில் மூழ்கும். மூழ்கினால் ஒரு நாழிகை. விடிந்ததும் எண்ணத் தொடங்கி, பொழுதுக்குப் பொழுது சேகண்டி அடிப்பார்கள். அந்தச் சத்தம் கேட்டுத்தான் ஊரே உண்ணும், வேலையை முடிக்கும்.

ராயர் பெரிய வித்தை ஒன்றும் செய்யவில்லை. துளையின் ஓரத்தில் கொஞ்சம் மெழுகை அப்பினார். வட்டில் மூழ்க இரண்டு பங்கு நேரமானது.

"பார்த்தீர்களா? மற்ற ராஜாக்களுக்கு ஒரு நாள் கழிந்தால் தங்களுக்கு அரைநாள்தான் கழியும்!"

ராஜாவுக்குத் தலைகால் புரியவில்லை. ராயருக்கு முத்துமாலை போட்டார். நாட்டுக்கு ஓர் ஆணை போட்டார்: "இனி வட்டில் சொல்வதே பொழுது. வானத்தைப் பார்த்துப் பொழுது சொல்கிறவர் ராஜத்துரோகி."

அரண்மனைக்கு இது வேடிக்கை. ஆனால் ஊருக்கு வெளியே புது ஏரிக்குக் கரை போட்டுக்கொண்டிருந்த பெண்களை நினைத்துப் பாருங்கள். அந்திச் சேகண்டி அடித்தால்தான் அவர்கள் கூடையை இறக்கலாம். சூரியன் மறையும், இருட்டும், சேகண்டி மட்டும் அடிக்காது. தீப்பந்த வெளிச்சத்தில் மண் சுமந்தார்கள். வீட்டில் பால்குடிப் பிள்ளைகள் அழுதழுது தொண்டை கட்டிப்போயின. சொல்லும்போதே எனக்கு வயிறு எரிகிறது.

அந்தப் பெண்களுக்குத் தலைவி பேராச்சி. ஒருநாள் சூரியன் இறங்கியதும் கூடையைத் தொப்பென்று கீழே போட்டாள்.

"போதும்டி. போயி பிள்ளைங்களுக்குப் பால் குடுங்க. கேட்டா நான் சொன்னேன்னு சொல்லுங்க."

மறுநாள் காலையிலேயே காவலர்கள் அவளைச் சபைக்கு இழுத்து வந்தார்கள்.

"சேகண்டி அடிக்குமுன் வேலையை நிறுத்தினாயாமே?" என்றார் ராஜா.

"பொழுது சாஞ்சிருச்சு சாமி. நிறுத்தினேன்."

"யார் சொன்னது?"

"சூரியன்."

"துரோகம்! பச்சைத் துரோகம்!" என்று ராயர் குதித்தார்.

ராஜா தீர்ப்புச் சொன்னார். "உச்சிப்பொழுதுச் சேகண்டி அடித்ததும் இவளை யானைக் காலில் இடுங்கள். பெண்ணே, கடைசி ஆசை ஏதாவது உண்டா?"

"உச்சிப்பொழுதும் உங்க வட்டில் சொல்றபடிதானே சாமி?"

"என் ஆணை எல்லோருக்கும் ஒன்றுதான்."

"அப்ப ஒண்ணே ஒண்ணு. நாழிகையை மெதுவாக்கினேன்னு இந்த ஐயா பீத்திக்கிறாரு. முழுசா நிறுத்த முடியுமா இவரால? முடியாதுன்னு நான் சொல்றேன். முடிஞ்சா, சாகுறதுக்குள்ள அதைக் கண்ணால பார்த்துட்டுப் போறேன்."

ராஜா ஆசையோடு ராயரைப் பார்த்தார். "அப்படியும் செய்யலாமா?"

சபை முழுக்கக் கேட்டுக்கொண்டிருக்கிறது. முடியாது என்று சொல்ல ராயருக்கு நாக்கு எழுமா? "இதென்ன பிரமாதம்!" என்று துளையை மெழுகால் முழுக்க அடைத்து, வட்டிலைத் தொட்டியில் விட்டார். அது அசையாமல் மிதந்தது.

"காலம் நின்றுவிட்டது, மகாராஜா! இனி தங்களுக்கு முதுமையே இல்லை!"

"இதில் யாராவது கை வைத்தால் கையை வெட்டுவேன்!" என்று ராஜா மகிழ்ச்சியில் கத்தினார்.

பேராச்சி சம்மணம் போட்டு உட்கார்ந்தாள். முற்றத்தில் யானை நின்றது. எல்லோரும் வட்டிலையே பார்த்தார்கள். சூரியன் உச்சிக்கு வந்தது, சாய்ந்தது. ராஜாவுக்குப் பசி காதை அடைத்தது.

"சாப்பாடு எங்கே?"

சமையற்காரர் வந்து கைகட்டி நின்றார். "உச்சிச் சேகண்டி இன்னும் அடிக்கலீங்களே மகாராஜா. அதுக்கு முந்தி இலை போட்டா எனக்கும் யானைதானே?"

ராஜா மறுபடியும் வட்டிலை எட்டிப் பார்த்தார். யானை பசியில் பிளிறியது. அதன் கழுத்தில் உட்கார்ந்திருந்த பாகனும் முனகினான். பேராச்சி மட்டும் அசையவில்லை. கடைசியில் ராயருக்குத்தான் பொறுமை போயிற்று.

"என்ன அநியாயம் இது! உச்சிப்பொழுது எப்போதோ தாண்டிவிட்டது! இதோ அந்தியே வந்துவிட்டது! இவளை இன்னும் ஏன் விட்டுவைத்திருக்கிறீர்கள்?"

பேராச்சி எழுந்தாள். "அந்தி வந்துருச்சா? யாரு சொன்னது ஐயா?"

"கண் இல்லையா உனக்கு? சூரியனைப் பார்!"

சபை முழுக்க ராயர் பக்கம் திரும்பியது. சொன்னது என்னவென்று ராயருக்கே அப்போதுதான் உறைத்தது.

பேராச்சி ராஜாவைப் பார்த்து நிமிர்ந்து நின்றாள். "நானும் அதைத்தான் சாமி பார்த்தேன். வட்டில் நிசம்னா உச்சிப்பொழுது இன்னும் வரலை, என்னைக் கொல்ல முடியாது. சூரியன் நிசம்னா நான் தப்பே பண்ணலை. எது நிசம்னு சொல்லுங்க. இல்ல, வானத்தைப் பார்த்ததே துரோகம்னா, அவரும் நானும் சேர்ந்தே யானைக்கு முன்னாடி படுக்கிறோம்."

"சூரியன்தான் நிஜம்" என்றார் ராஜா. பிறகு தானே எழுந்து, ஆசனத்தருகே நின்றிருந்த ராயரின் கழுத்திலிருந்த முத்துமாலையைக் கழற்றினார். "நாளை முதல் ஏரிக்கரையில் மண் சுமந்து பாரும்" என்றார். மாலையைப் பேராச்சியிடம் நீட்டினார். "இது உனக்கு. உன்னை மன்னித்தோம்."

அவள் மாலையைத் தொடவில்லை. "மன்னிப்பை நான் கேட்கவே இல்லையே சாமி. எங்க பிள்ளைங்க பசியில அழுததுக்கு நீங்கதான் கேட்கணும்."

காவலன் வாளில் கை வைத்தான். ராஜா அவனைக் கையமர்த்தினார். எல்லோரும் பார்க்க, ஆசனத்துப் படியிலிருந்து கீழே இறங்கி வந்தார்.

"தப்புதான், தாயே" என்றார்.

"சரி" என்றாள் பேராச்சி. "நாளைக்கும் பொழுது சாஞ்சதும் கூடையைக் கீழ வைப்பேன். யாரையும் கேட்க மாட்டேன்."

சொல்லிவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் வாசலைத் தாண்டிப் போனாள்.